குளிர்ந்த நீர் கொதித்தபோது

1890-களில் பிரிட்டனின் பெரிய போர்க்கப்பல் எதுவும் முழு வேகத்தில் சில மணி நேரத்துக்கு மேல் ஓடுவது அரிது. ஓட்டினால் எஞ்சின் தாங்காது என்று அதன் தலைமைப் பொறியாளருக்குத் தெரியும். மேல்தளத்தில் எல்லாம் பளபளவென்று இருக்கும். கீழே எஞ்சின் அறையில் டன் கணக்கில் எடையுள்ள பிஸ்டன்கள் நிமிடத்துக்கு நூறு தடவைக்கு மேல் ஏறி இறங்கிக்கொண்டிருக்கும். ஒவ்வொரு ஏற்றத்தின் முடிவிலும் அந்த எடை முழுவதும் நின்று, திசை மாறி, மறுபடி கிளம்ப வேண்டும். அந்த அதிர்ச்சியைத் தாங்குபவை பேரிங்குகள். அவை சூடேறி உருகிவிடாமல் இருக்கக் குழாய் பிடித்துத் தண்ணீர் பீய்ச்சுவார்கள். எண்ணெயும் நீரும் கலந்து தரை முழுக்க வழுக்கும். தெறிக்கும் நீருக்கு மழைக்கோட்டு அணிந்துகொண்டு, ஓடும் இரும்புக்கு நடுவே கையை நீட்டிப் பேரிங்கின் சூட்டைத் தொட்டுப் பார்ப்பது அங்கே அன்றாட வேலை.

நவீன கடற்படையை எது உருவாக்கியது என்று கேட்டால் பெரும்பாலான நூல்கள் பீரங்கியையும் எஃகுக் கவசத்தையும் காட்டும். அவற்றின் பங்கு பெரியதுதான். ஆனால் எதிரியை எட்டிப் பிடிக்கவும், பிடிக்க முடியாதபோது விலகிப் போகவும், நாள் கணக்கில் வேகம் குறையாமல் ஓடவும் முடியாத கப்பலுக்குப் பீரங்கியால் என்ன பயன்? வேகத்தை மறித்து நின்ற சுவர்கள் இரண்டு. ஒன்று எஞ்சின் அறையில் இருந்தது. அதை எல்லோரும் பார்த்தார்கள். மற்றது கப்பலின் பின்புறம் நீருக்கடியில் இருந்தது. ஒரு மனிதர் தோற்றுப்போய்த் தேட ஆரம்பித்த பிறகே அதன் முழு உருவமும் தெரிய வந்தது.

அவர் சார்லஸ் பார்சன்ஸ். 1854-இல் பிறந்தவர். தந்தை மூன்றாம் ராஸ் பிரபு, அயர்லாந்தின் பர் கோட்டையில் 72 அங்குல விட்டமுள்ள தொலைநோக்கியைக் கட்டியவர். அந்தக் காலத்தில் உலகிலேயே பெரிய தொலைநோக்கி அது. வார்ப்பு உலையும் பட்டறையும் வீட்டு வளாகத்துக்குள்ளேயே இருந்த குடும்பத்தில், உலோகத்தைக் கையாளுவது பிள்ளைகளுக்கு விளையாட்டாகவே பழகிப்போனது. பார்சன்ஸ் கேம்பிரிட்ஜில் கணிதம் படித்தார். படித்து முடித்ததும், பிரபு வீட்டுப் பிள்ளை செய்யத் துணியாத ஒன்றைச் செய்தார்: நியூகாசிலில் ஆர்ம்ஸ்ட்ராங் தொழிற்சாலையில் தொழில் பழகப் போய்ச் சேர்ந்தார்.

1884-இல், கேட்ஸ்ஹெட் நகரில் கிளார்க் சாப்மன் நிறுவனத்தில் இருந்தபோது, தன் முதல் நீராவி டர்பைனைச் செய்தார். நீராவியைக் கொண்டு நேரடியாகச் சக்கரத்தைச் சுழற்றலாம் என்ற எண்ணம் பழையது. தடையாக இருந்தது நீராவியின் வேகம். அழுத்தமுள்ள நீராவி ஒரே பாய்ச்சலாக வெளியேறும்போது நொடிக்குப் பல நூறு மீட்டர் வேகம் பிடிக்கும். அந்த ஆற்றலைச் சரியாக வாங்கிக்கொள்ள வேண்டுமானால் சக்கரத்தின் விளிம்பும் அதில் பாதி வேகத்திலாவது ஓட வேண்டும். அன்றைய உலோகம் அதைத் தாங்குவது கடினம். பார்சன்ஸ் நீராவியின் அழுத்தத்தை ஒரேயடியாக விடவில்லை. ஒரே தண்டில் வரிசை வரிசையாகச் சிறு இலைத்தகடுகளைப் பொருத்தி, ஒவ்வொரு வரிசையிலும் அழுத்தத்தைக் கொஞ்சம் கொஞ்சமாக இறங்கவிட்டார். எந்த வரிசையிலும் நீராவியின் வேகம் எல்லை மீறாது. கடைசி வரிசையைத் தாண்டும்போது அதன் ஆற்றலில் பெரும்பகுதி தண்டுக்கு வந்து சேர்ந்திருக்கும். அந்த முதல் இயந்திரம் நிமிடத்துக்கு 18,000 முறை சுற்றி 7.5 கிலோவாட் மின்சாரம் தந்தது. ஏறுவதும் இறங்குவதும் திசை மாறுவதும் அதில் இல்லை. சுழற்சி மட்டுமே.

மின்சாரம் தயாரிக்க இது பொருத்தமான இயந்திரம். 1890-இலேயே நியூகாசிலில் ஒரு மின்நிலையம் இதை நம்பி இயங்கத் தொடங்கிவிட்டது. கப்பலுக்கும் இதே டர்பைனை வைத்தால் என்ன என்று பார்சன்ஸ் யோசித்தார். 1894-இல் அதற்கென்றே ஒரு கம்பெனி தொடங்கி ஒரு சோதனைப் படகைக் கட்டினார். நீளம் சுமார் 31.6 மீட்டர், அகலம் 2.7 மீட்டர், எடை 44 டன் சொச்சம். பெயர் டர்பினியா. கத்தி போன்ற அந்த உடலைப் பார்த்தவர்கள் அது பறக்கும் என்றே எதிர்பார்த்திருப்பார்கள். அதுவோ 20 நாட் வேகத்தைக்கூட எட்டவில்லை. மணிக்கு 37 கிலோமீட்டருக்கும் குறைவு. சாதாரண எஞ்சின் வைத்த டார்பிடோ படகுகளே அதைவிட வேகமாக ஓடின.

இந்த இடத்தில்தான் பார்சன்ஸின் அறிவியல் மனம் தெரிகிறது. டர்பைனைக் கழற்றி மாற்றத் தொடங்காமல், முதலில் அளந்தார். தண்டு முறுக்கப்படும் அளவைக் கொண்டு அதன் வழியே போகும் திறனைக் கணக்கிடும் ஒரு கருவியைச் செய்து பொருத்தினார். டர்பைன் சொன்ன வேலையைச் செய்துகொண்டுதான் இருந்தது. அந்தத் திறன் புரொப்பெல்லரில், அதாவது கப்பலைத் தள்ளும் விசிறியில், போய்த் தொலைந்துகொண்டிருந்தது.

நீர் 100 டிகிரியில் கொதிக்கும் என்று பள்ளியில் படிக்கிறோம். அது கடல் மட்டத்தில் உள்ள காற்றழுத்தத்துக்குப் பொருந்தும் கணக்கு. அழுத்தம் குறைந்தால் கொதிநிலையும் குறையும். எவரெஸ்ட் உச்சியில் 70 டிகிரியை ஒட்டியே நீர் கொதித்துவிடும். அழுத்தத்தை இன்னும் இறக்கிக்கொண்டே போனால், வளிமண்டல அழுத்தத்தில் நாற்பதில் ஒரு பங்கு அளவுக்கு வரும்போது, 20 டிகிரியில் இருக்கும் சாதாரணத் தண்ணீரும் கொதிக்கும். அடுப்பே தேவையில்லை.

கப்பலின் விசிறி செய்வதும் இதைத்தான். அதன் இலையின் ஒரு பக்கம் நீரைப் பின்னோக்கித் தள்ளுகிறது; மறுபக்கம் நீரை உறிஞ்சுகிறது. மெதுவாகச் சுற்றும்வரை சிக்கல் இல்லை. டர்பினியாவின் விசிறியோ டர்பைன் தண்டோடு நேராக இணைக்கப்பட்டு, நிமிடத்துக்கு ஆயிரக்கணக்கில் சுற்றியது. உறிஞ்சும் பக்கத்தில் அழுத்தம் அதலபாதாளத்துக்கு இறங்க, வடகடலின் குளிர்ந்த நீர் இலையின் மேலேயே கொதித்து ஆவிக்குமிழிகளானது. பற்றிக்கொள்ள நீரே இல்லாமல் ஆவிக்குள் சுற்றும் விசிறி எதைத் தள்ளும்? இதைக் கேவிட்டேஷன் என்கிறார்கள். தார்னிகிராஃப்ட் நிறுவனம் கட்டிய டேரிங் என்ற நாசகாரிக் கப்பலின் சோதனைகளில் இதன் அறிகுறிகள் ஏற்கெனவே தென்பட்டிருந்தன. பார்சன்ஸுக்கு அதைக் கண்ணால் பார்த்தாக வேண்டும் என்று தோன்றியது.

அதற்காக 1895-இல் அவர் செய்த செம்புத் தொட்டி, இயற்பியல் வரலாற்றின் அழகான கருவிகளில் ஒன்று. வளையமாக மூடிய ஒரு குழாய், அதற்குள் நீர், நீருக்குள் இரண்டு அங்குல விட்டத்தில் ஒரு குட்டி விசிறி. இவ்வளவு சிறிய விசிறியில் கேவிட்டேஷன் வரவழைக்க வேண்டுமானால் அதை மிக வேகமாகச் சுற்ற வேண்டும். பார்சன்ஸ் எதிர்ப்பக்கத்திலிருந்து வந்தார்: நீரைக் கொதிநிலைக்கு அருகே சூடாக்கிவிட்டார். கொதிக்கத் தயாராக இருக்கும் நீருக்குச் சிறு உறிஞ்சலே போதும். சுழலும் விசிறியைக் கண்ணால் பிடிக்க முடியாது அல்லவா? விசிறியின் ஒவ்வொரு சுற்றுக்கும் ஒரு முறை வில்விளக்கின் ஒளி அதன்மேல் பட்டு மறையும்படி செய்தார். சுழலும் விசிறி நிற்பதுபோலத் தெரிந்தது. இலைகளின் ஓரத்தில் குமிழிகள் முளைத்து வளர்வதும் தெரிந்தது. இன்று கப்பல் ஆராய்ச்சிக்கூடங்களில் கட்டடம் உயரத்துக்கு நிற்கும் கேவிட்டேஷன் சுரங்கங்களுக்கெல்லாம் மூதாதை இந்தச் செம்புத் தொட்டிதான்.

நோய் தெரிந்த பிறகு மருந்து கிடைத்தது. ஒரே விசிறியின் மேல் விழுந்த சுமையைப் பங்கு போட வேண்டும். டர்பினியாவின் ஒற்றை டர்பைனை எடுத்துவிட்டு மூன்று டர்பைன்களை வைத்தார் பார்சன்ஸ். நீராவி முதலில் உயர் அழுத்த டர்பைனுக்குள் போய், அடுத்து நடுத்தரத்துக்கும், கடைசியாகத் தாழ் அழுத்தத்துக்கும் போகும். மூன்றுக்கும் தனித்தனித் தண்டு; தண்டு ஒவ்வொன்றிலும் மூன்று விசிறிகள். ஆக ஒன்பது விசிறிகள். 1897 ஏப்ரலில் கேம்பிரிட்ஜ் பேராசிரியர் ஈவிங் முன்னின்று நடத்திய சோதனையில் படகு 32 நாட்டைத் தாண்டியது.

அதே ஆண்டு ஜூன் 26-இல் ஸ்பிட்ஹெட் கடற்பரப்பில் விக்டோரியா மகாராணியின் வைர விழாக் கடற்படை அணிவகுப்பு. 160-க்கும் மேற்பட்ட போர்க்கப்பல்கள் வரிசைகட்டி நங்கூரமிட்டிருந்தன. வேல்ஸ் இளவரசர் பார்வையிட்டுக்கொண்டிருக்க, அந்த வரிசைகளுக்கு நடுவே டர்பினியா புகுந்து 34 நாட் வேகத்தில், அதாவது மணிக்கு 63 கிலோமீட்டரில், சீறிக்கொண்டு ஓடியது. விரட்டிய காவல் படகுகளால் அதை நெருங்க முடியவில்லை. அழையா விருந்தாளி ஒருவர் பேரரசையே திகைக்க வைத்தார் என்று இந்தக் கதை திரும்பத் திரும்பச் சொல்லப்படுகிறது. கதை சுவையானதுதான், ஆனால் கடற்படைத் தலைமையகத்தின் பொறியாளர்களுக்கு டர்பினியா புதிதல்ல. பார்சன்ஸ் தன் முடிவுகளைக் கப்பல் கட்டுநர் சங்கத்தில் முன்பே வாசித்திருந்தார். ஸ்பிட்ஹெட் திகைக்க வைத்தது அரசியல்வாதிகளையும், பத்திரிகைகளையும், பொதுமக்களையும்தான். பணம் ஒதுக்குபவர்கள் அவர்கள் என்பதால் அதுவும் வீண் போகவில்லை.

அடுத்து வந்தது சோகம். டர்பைன் வைத்த முதல் நாசகாரிக் கப்பல்களான வைப்பரும் கோப்ராவும் 36 நாட் வரை ஓடக்கூடியவை என்று பெயரெடுத்தன. 1901 ஆகஸ்டில், பயிற்சியின்போது மூடுபனியில் வழி தவறி, வைப்பர் ஆல்டர்னி தீவருகே பாறையில் ஏறிச் சிதைந்தது. அடுத்த மாதமே கோப்ரா வடகடலில் இரண்டாக முறிந்து மூழ்கியது. 67 பேர் இறந்தார்கள். 12 பேர்தான் மிஞ்சினார்கள். இறந்தவர்களில் பார்சன்ஸின் தொழிற்சாலை மேலாளரும் உடன் உழைத்தவர்களும் இருந்தார்கள். கப்பலின் உடற்கட்டு பலவீனமானது என்று விசாரணை முடிவு சொன்னது. டர்பைன் மீது குற்றமில்லை. இருந்தாலும் ஏழு வாரத்துக்குள் இரண்டு கப்பல்கள் போனபின் ஒரு புதிய தொழில்நுட்பத்தை நம்பச் சொல்வது எளிதா? அதே ஆண்டு கிளைட் ஆற்றில் ஓடத் தொடங்கிய கிங் எட்வர்ட் என்ற பயணிகள் கப்பல் அந்த நம்பிக்கையைக் காப்பாற்றித் தந்தது. கடற்படையும் அமெதிஸ்ட் என்ற குரூசரில் டர்பைனை வைத்து, பிஸ்டன் எஞ்சின் வைத்த அதன் உடன்பிறப்புக் கப்பல்களோடு ஒப்பிட்டுப் பார்த்தது. சுமார் 14 நாட்டுக்குக் கீழே அமெதிஸ்ட் அதிக நிலக்கரி தின்றது. அதற்கு மேலே வேகம் கூடக்கூட மற்றவற்றைவிடச் சிக்கனமாக ஓடியது.

1904 அக்டோபரில் பிரிட்டிஷ் கடற்படையின் தலைமைப் பொறுப்புக்கு ஜான் ஃபிஷர் வந்தார். இவர் இலங்கையில் ரம்பொடை மலைப்பகுதியில் 1841-இல் பிறந்தவர். தந்தை ராணுவத்தை விட்டுக் காப்பித் தோட்டம் போட்டவர். ஆறு வயதில் இங்கிலாந்துக்கு அனுப்பப்பட்ட பையன், 13 வயதில் கப்பலேறினார். வேகம் என்றால் அவருக்கு வெறி. அவர் கூட்டிய வடிவமைப்புக் குழுவில் இயற்பியலாளர் கெல்வின் பிரபு இருந்தார். பார்சன்ஸ் சாட்சியம் சொன்னார். முன்னோடி ஏதுமில்லாமல், 18,000 டன் அளவிலான ஒரு கப்பலுக்கு டர்பைனைத் தவிர வேறு எஞ்சினே வேண்டாம் என்று அந்தக் குழு முடிவெடுத்தது. அதுவரை டர்பைன் பார்த்த பெரிய போர்க்கப்பல் ஒரு சிறிய குரூசர்தான் என்பதை நினைத்தால் அந்தத் துணிவின் அளவு புரியும்.

அப்படி உருவானது டிரெட்நாட். போர்ட்ஸ்மத்தில் 1905 அக்டோபர் 2-இல் அடிக்கட்டை வைத்தார்கள். அடுத்த பிப்ரவரியில் ஏழாம் எட்வர்ட் அதை நீரில் இறக்கினார். 1906 அக்டோபர் 3-இல், ஓராண்டும் ஒரு நாளும் ஆனபோது, சோதனை ஓட்டத்துக்குக் கடலுக்குப் போனது. ஒரே அளவில் பத்துப் பெரிய பீரங்கிகள், அதுவரையிருந்த போர்க்கப்பல்களைவிட இரண்டு மூன்று நாட் கூடுதலாக 21 நாட் வேகம். பீரங்கிகளைப் பற்றித்தான் உலகம் பேசியது. பிஸ்டன் எஞ்சினுக்குப் பதில் டர்பைன் வைத்ததால் கப்பலின் எடையில் ஏறக்குறைய ஆயிரம் டன் மிச்சமானது என்பது அதிகம் பேசப்படவில்லை. 1907-இன் தொடக்கத்தில் அது அட்லாண்டிக்கைக் கடந்து டிரினிடாடுக்குப் போய் வந்தது. வழியெல்லாம் சராசரி 17 நாட். சில மணி நேர முழு வேகத்துக்கே எஞ்சினைப் பழுதுபார்க்க வேண்டியிருந்த கடற்படை அதிகாரிகளுக்கு, பீரங்கி எண்ணிக்கையைவிட இந்தப் பயணமே பெரிய செய்தியாக இருந்திருக்க வேண்டும். ஜெர்மனி தன் முதல் டிரெட்நாட் வகைக் கப்பல்களான நாசாவ் தொகுதிக்குப் பிஸ்டன் எஞ்சின்களையே வைத்தது. 1910-இல் ஃபான் டெர் டானில்தான் பெரிய ஜெர்மன் போர்க்கப்பல் டர்பைனுக்கு மாறியது.

இந்த மாற்றத்தின் நிழல் வங்கக்கடல் வரை நீண்டது. 1914 செப்டம்பர் 22 இரவு சென்னைத் துறைமுகத்துக்கு வந்து, சுமார் அரை மணி நேரத்துக்குள் நூறுக்கும் மேற்பட்ட குண்டுகளைப் பொழிந்து, பர்மா ஆயில் கம்பெனியின் எண்ணெய்த் தொட்டிகளைக் கொளுத்திவிட்டுப் போன எம்டன், பிஸ்டன் எஞ்சின் வைத்த கடைசி ஜெர்மன் குரூசர். அதற்கு உயிர்நாடி நிலக்கரி. பிடித்த கப்பல்களிலிருந்து அள்ளிக்கொண்டுதான் ஓடியது. நவம்பர் 9-இல் கோகோஸ் தீவுகளருகே அதை எதிர்கொண்ட ஆஸ்திரேலியக் குரூசர் சிட்னியில் இருந்தவை பார்சன்ஸ் டர்பைன்கள். சிட்னியின் ஆறங்குலப் பீரங்கிகளுக்கு எட்டும் தூரம் அதிகம். வேகமும் அதிகம் என்பதால் எந்தத் தூரத்திலிருந்து சண்டை போடுவது என்பதை அதனால் தேர்ந்துகொள்ள முடிந்தது. எம்டன் கரையேறிச் சிதைந்தது.

அதே காலத்தில் நிலக்கரியும் விடைபெறத் தொடங்கியது. எண்ணெய் ஒரே எடைக்கு அதிக வெப்பம் தரும், குழாயில் ஓடும், அள்ளிப்போட ஆள் வேண்டாம். கப்பலில் நிலக்கரி ஏற்றும் நாளில் மாலுமிகள் எல்லோரும் கரித்தூளில் குளித்த காலம் முடிந்தது. குயீன் எலிசபெத் வகைப் போர்க்கப்பல்களை முழுக்க எண்ணெயில் ஓட வைத்த சர்ச்சிலும் ஃபிஷரும், எண்ணெய் இல்லாத தங்கள் நாட்டைப் பாரசீகத்தோடு கட்டிப்போட்டார்கள். 1914-இல் பிரிட்டிஷ் அரசு ஆங்கிலோ-பெர்ஷியன் எண்ணெய் நிறுவனத்தின் பெரும்பான்மைப் பங்குகளை வாங்கியது. மேற்கு ஆசியாவின் பின்வந்த வரலாற்றில் அந்த முடிவின் பாரம் பெரிது. அதைத் தனி அத்தியாயமாகத்தான் எழுத வேண்டும்.

இதற்கிடையே விசிறிச் சிக்கல் முழுதாகத் தீர்ந்திருக்கவில்லை. டர்பைன் வேகமாகச் சுற்றினால்தான் சிக்கனம். விசிறி மெதுவாகச் சுற்றினால்தான் சிக்கனம். நேராக இணைத்தால் இரண்டும் நட்டப்படும். இடையில் பற்சக்கரம் வைப்பது தெளிவான வழி, ஆனால் ஆயிரக்கணக்கான குதிரைத்திறனை அந்த வேகத்தில் கடத்தும் பற்சக்கரம் அன்று யாரிடமும் இல்லை. பார்சன்ஸ் வெஸ்பேசியன் என்ற பழைய சரக்குக் கப்பலை வாங்கினார். முதலில் அதன் பிஸ்டன் எஞ்சினைச் செப்பனிட்டு அளவெடுத்தார். பிறகு அதே கப்பலில் டர்பைனையும், சுழற்சியை இருபதில் ஒரு பங்காகக் குறைக்கும் பற்சக்கரத்தையும் வைத்து மறுபடி அளந்தார். நீராவிச் செலவு கணிசமாகக் குறைந்தது. பற்களை வெட்டும் இயந்திரத்தின் நுண்ணிய பிழைகள் ஒரே இடத்தில் சேர்ந்து இரைச்சல் எழுப்புவதைக் கண்டு, அந்தப் பிழைகளைச் சக்கரம் முழுவதும் பரப்பிவிடும் வழியையும் கண்டுபிடித்தார். 1918-இல் நீரிலிறங்கிய ஹூட், பற்சக்கரம் வழியாக 1,44,000 குதிரைத்திறனை நான்கு விசிறிகளுக்கு அனுப்பியது.

முதல் உலகப் போரின்போது நாசகாரிக் கப்பல்களின் விசிறி இலைகளில், கடித்துத் தின்றதுபோலக் குழிகள் விழுந்துகொண்டிருந்தன. குமிழிகள் வேலையைக் கெடுப்பது தெரியும். உறுதியான வெண்கலத்தை அவை எப்படி அரிக்கும்? 1917-இல் இயற்பியலாளர் ராலே பிரபு கணக்குப் போட்டுக் காட்டினார். அழுத்தம் மீண்டும் ஏறும் இடத்துக்கு வந்ததும் ஆவிக்குமிழி திடீரென்று நொறுங்குகிறது. சுற்றியுள்ள நீர் எல்லாப் பக்கமிருந்தும் ஒரே புள்ளியை நோக்கிப் பாய்கிறது. அந்தப் புள்ளியில் கணநேரத்துக்கு எழும் அழுத்தம் வளிமண்டல அழுத்தத்தைப் போல ஆயிரக்கணக்கான மடங்கு. இலையின் மேற்பரப்பில் அப்படி லட்சக்கணக்கான சம்மட்டி அடிகள் விழுகின்றன.

1960-இல் பிரிட்டன் தன் முதல் அணுசக்தி நீர்மூழ்கியை இறக்கியபோது அதற்கும் டிரெட்நாட் என்றே பெயர் வைத்தது. அணு உலை கொடுத்தது வெப்பத்தைத்தான். அந்த வெப்பத்தில் எழுந்த நீராவி போய்ச் சேர்ந்த இடம் டர்பைன். இந்தியாவின் அரிஹந்த் நீர்மூழ்கியிலும் அப்படித்தான். அதன் உலையின் முன்மாதிரி கல்பாக்கத்தில் தரையில் வைத்து ஓட்டிப் பார்க்கப்பட்டது.

நீர்மூழ்கி வந்த பிறகு கேவிட்டேஷனின் பொருளே மாறிவிட்டது. இன்று அது வேகத்தை விழுங்குவதைவிட, இருப்பிடத்தைக் காட்டிக்கொடுப்பதுதான் பெரிய கவலை. நொறுங்கும் ஒவ்வொரு குமிழியும் ஓசை எழுப்புகிறது. நீரில் ஓசை வெகுதூரம் போகும். எதிரியின் ஒலியுணர் கருவி அதைக் கேட்டுவிடும். ஆழம் இதற்கு உதவுகிறது. பத்து மீட்டர் இறங்கினால் ஒரு வளிமண்டல அளவு அழுத்தம் கூடுவதால், நூறு மீட்டர் ஆழத்தில் நீரைக் கொதிக்கவைக்க விசிறி மிகக் கடுமையாக உறிஞ்ச வேண்டும். அதனால் மேற்பரப்பருகே ஊர்ந்து போகும் நீர்மூழ்கி, ஆழத்தில் துணிந்து வேகமெடுக்கும். வாளைப்போல வளைந்த இலைகளை ஏழு என்ற கணக்கில் வைத்து, பெரிதாக, மெதுவாகச் சுற்றும்படி இன்றைய விசிறிகளைச் செய்கிறார்கள். அவற்றின் வடிவம் பெரும்பாலான கடற்படைகளில் அரச ரகசியம். பராமரிப்புக்காக நீர்மூழ்கியைக் கரையேற்றும்போது முதலில் தார்ப்பாய் போட்டு மூடுவது அந்த விசிறியைத்தான்.